மெதுவான பகுதி மட்டும்

டென்மார்க்கில், அல்பர்ட்ஸ்லுண்ட் நூலகத்தின் கீழ்த்தளத்தில் ஓர் அறை இருந்தது. பகலில் குழந்தைகளுக்குக் கதை வாசிக்கும் அறை. புதன்கிழமை பின்னேரங்களில் அந்தச் சின்ன நாற்காலிகளை அடுக்கி ஒதுக்கிவிட்டு, ஏழெட்டுப் பேர் பாய் விரித்துக் கண்ணை மூடி உட்காருவோம். முன்னால் ஒரு கொரியப் பெண் நீளமான தந்தி வாத்தியம் ஒன்றை மடியில் கிடத்தி வாசிப்பார். இந்த நாட்டில் நான் முதன்முதலாக நிம்மதியாக மூச்சுவிட்டது அந்த அறையில்தான். ஏமாற்றப்பட்டிருக்கிறேன் என்று அறிந்ததும் அங்கேதான். நிம்மதியைத் தந்தவரும் ஏமாற்றியவரும் ஒரே ஆள். அதனால் இன்றுவரைக்கும் அந்த நிம்மதியை நினைத்துப் பார்க்கக் கூச்சமாக இருக்கிறது.

பின்னாளில் பத்திரிகைகள் 'தமிழர் வழக்கு' என்று பெயர் வைத்த ஆண்டுகள் அவை. அப்போது அப்படி ஒரு வழக்கு வரப்போவது யாருக்கும் தெரியாது. எனக்கு அகதி அனுமதி கிடைத்திருந்தது. அனுமதி கிடைத்தவன் மனைவி பிள்ளைகளை அழைத்துக்கொள்ளலாம் என்பது இந்த நாட்டின் சட்டம். விண்ணப்பத்தைக் கொடுத்துவிட்டு, ஆஸ்பத்திரித் துணிகளைத் துவைக்கும் பெரிய சலவைத் தொழிற்சாலை ஒன்றில் வேலை செய்துகொண்டு காத்திருந்தேன். நான் யாழ்ப்பாணத்தை விட்டுப் புறப்பட்டபோது மகள் தவழத் தொடங்கியிருந்தாள். நித்திரை வருவதில்லை. துவைக்கும் இயந்திரங்களின் இரைச்சல் வீட்டுக்கு வந்தபிறகும் தலைக்குள் சுற்றிக்கொண்டே இருக்கும்.

டேனிஷ் வகுப்பில் நான் மேசைமேல் தலைசாய்த்துத் தூங்கிப்போவதைக் கண்ட ஆசிரியை ஒருநாள் என்னைத் தனியே கூப்பிட்டு, நூலகத்தில் தியான வகுப்பு ஒன்று நடக்கிறது, போய்ப் பார் என்றார். தியானம் என்றால் என்னவோ சமய விஷயம் என்று தயங்கினேன். எங்களுடையது மன்னார்ப் பக்கத்திலிருந்து யாழ்ப்பாணத்துக்கு வந்து குடியேறிய கத்தோலிக்கக் குடும்பம். செபமாலை தெரியும். சும்மா கண்ணை மூடிக்கொண்டு இருக்கத் தெரியாது.

வகுப்பை நடத்தியவர் என்னைவிடச் சில வயது மூத்த டேனிஷ்காரர். நெடிய மனிதர், தாழ்ந்த குரல். கொரியாவிலிருந்து ஒரு பெண் குழந்தையைத் தத்தெடுத்து வளர்த்துக்கொண்டிருந்தார். அப்படிக் குழந்தை எடுத்த பெற்றோர்கள் கூடிய விழா ஒன்றில் அந்தக் கொரியப் பெண் வாசித்ததைக் கேட்டிருக்கிறார். தியானத்துக்கு இதைவிட நல்ல இசை கிடையாது என்று தோன்றி, அவரைக் கெஞ்சிக் கேட்டு அழைத்து வந்திருந்தார். முதல்நாள் அந்த டேனிஷ்காரருக்குச் சம்மணம் போட்டு உட்கார முடியவில்லை. முழங்கால்கள் இரண்டும் காதுவரை வந்து நின்றன. நான் என் துவாயை மடித்து அவருக்குக் கீழே வைத்து, சற்று முன்னுக்குச் சாய்ந்து இருங்கள் என்று காட்டினேன். கால் தாழ்ந்தது. அவர் சிரித்தார். எங்கள் நட்பு அப்படித் தொடங்கியது.

என்ன வேலை என்று கேட்டபோது, "நகரத்தில் ஓர் அரசாங்க அலுவலகம். காகிதங்களோடு" என்றார். டென்மார்க்கில் அரைவாசிப் பேர் அப்படித்தானே என்று நினைத்து நான் மேலே கேட்கவில்லை.

கொரியப் பெண் ஜெர்மனிக்குத் தாதியாக வந்து, டேனிஷ்காரர் ஒருவரைக் கல்யாணம் செய்து, இங்கே ஆஸ்பத்திரியில் வேலை செய்தவர். நான் துவைத்து அனுப்பும் விரிப்புகளில் அவருடைய நோயாளிகளும் படுத்திருப்பார்கள். அவருடைய டேனிஷும் என்னுடையதைப் போலவே நொண்டும். எங்கள் ஊரில் உங்களை அக்கா என்றுதான் கூப்பிடுவோம் என்று நான் சொன்னபோது, கொரியாவில் ஆண்பிள்ளைகள் அக்காவை 'நூனா' என்பார்கள் என்றார். அன்றிலிருந்து எனக்கு அவர் நூனா.

அவருடைய வாத்தியத்துக்குக் கயகும் என்று பெயர். ஒரு முனை அவருடைய வலது முழங்காலில் இருக்கும். மறுமுனை தரையைத் தொடும். பட்டு நூலால் முறுக்கிய பன்னிரண்டு தந்திகள். ஒவ்வொன்றையும் தாங்கி நிற்கும் மரக்குதிரைகளை அவர்கள் காட்டு வாத்தின் கால் என்கிறார்களாம். பார்த்தால் அப்படித்தான் இருக்கும். பனியில் ஒரு கூட்டம் சரிவாக நடந்து போவதுபோல.

நூனா வலது கையால் ஒரு தந்தியைத் தெறிப்பார். ஒலி எழும்பி மெலியத் தொடங்கும். அது அடங்கப்போகும் நேரத்தில் இடது கை குதிரைக்கு அப்பால் தந்தியை அழுத்தி அசைக்கும். அடங்கப்போன ஒலி ஒருதரம் நிமிர்ந்து, நெளிந்து, பிறகுதான் போகும். அடுத்த ஒலி வர நெடுநேரம் எடுக்கும். முதல்நாள் நான் அந்த இடைவெளியில் தவித்துப்போனேன். அடுத்தது எப்போது வரும் என்று காத்திருப்பது எனக்கு விண்ணப்பத்துக்குக் காத்திருப்பதைப் போலவே இருந்தது. சில வாரங்களில் அது மாறியது. ஒலி எங்கே போய் முடிகிறது என்று அதன் பின்னாலேயே காதைக் கொண்டுபோனேன். முடியும் இடம் பிடிபடவே இல்லை. தேடிப் போனவன் தேடுகிறேன் என்பதையும் மறந்துபோவேன். வெப்பக் குழாயில் தண்ணீர் தட்டும் சத்தம், யாரோ தொண்டையைச் செருமும் சத்தம், பட்டுத்தந்தியின் அதிர்வு எல்லாம் ஒன்றாக இருக்கும். நண்பர் மெல்லச் சொல்வார்: "எதையும் பிடித்து வைக்காதே. வருவது வரட்டும்."

அப்படியொரு புதன்கிழமை வீட்டுக்குப் போய்ப் படுத்தவன் காலையில்தான் எழுந்தேன். வீட்டில் என்னோடு இருந்தவர் ஓர் அண்ணை. அவரும் மனைவிக்கும் இரண்டு ஆண்பிள்ளைகளுக்கும் விண்ணப்பித்துவிட்டு இருந்தவர். தேத்தண்ணியை நீட்டியபடி கேட்டார்.

"தம்பி, உதில போய்க் கண்ணை மூடிக்கொண்டிருந்தா கேஸ் கெதியா முடியுமே?"

"நித்திரை வருது அண்ணை."

"ஓம், நித்திரை வரும். எனக்கு நித்திரை வேண்டாம், விசா வேணும்."

நான் சிரித்தேன். அண்ணை சிரிக்கவில்லை.

நூனா என் விரல்கள் முழங்காலில் தாளம் போடுவதைக் கவனித்திருக்கிறார். ஒரு நாள் பெரிய உடுக்கை போல் இடை சிறுத்த மேளம் ஒன்றைக் கொண்டுவந்து என் முன்னால் வைத்தார். ஜாங்கு என்று பெயர். இடப்பக்கத்தை உள்ளங்கையால் அடிக்கவேண்டும், வலப்பக்கத்தை மெல்லிய மூங்கில் குச்சியால். ஞாயிற்றுக்கிழமைகளில் அவருடைய வீட்டுக்குப் போய்க் கற்றேன். அங்கேதான் எனக்கு ஒரு விஷயம் தெரியவந்தது. நாங்கள் நூலகத்தில் கேட்டது ஒரு நீண்ட உருப்படியின் தொடக்கம் மட்டுமே. அது படிப்படியாக வேகமெடுத்து, கடைசியில் விரல்கள் கண்ணுக்குத் தெரியாதபடி ஓடும். மேளம் அடிப்பவன் நடுநடுவே குரல் கொடுத்து வாசிப்பவரை உற்சாகப்படுத்த வேண்டும்.

"அங்கே ஏன் முழுதையும் வாசிப்பதில்லை?" என்று கேட்டேன்.

"அவருக்கு மெதுவான பகுதி மட்டும் போதுமாம். மிச்சம் தியானம் இல்லையாம்" என்றார் நூனா. "எங்களுக்கு எல்லாம் சேர்ந்ததுதான் இது. அழுகையும் இருக்கும், ஓட்டமும் இருக்கும். ஆனால் அறை அவருடையது."

நண்பர் எங்கள் வீட்டுக்கும் வருவார். இடியப்பத்தைச் சொதியில் நனைத்து, கையால் சாப்பிடப் பழகினார். என் மனைவியின் படத்தை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருப்பார். காகிதங்கள் பிந்திப் பிந்தி, கடைசியில் தன் மகள் விமானத்தில் வந்து இறங்கிய நாளைப் பற்றிச் சொல்வார். விமானநிலையத்தில் யாரோ ஒருவர் குழந்தையைக் கையில் தந்தபோது அது அவருடைய மூக்கைப் பிடித்து இழுத்ததாம். அதைச் சொல்லும்போதெல்லாம் அவருடைய கண் கலங்கும்.

அந்தக் காலத்தில் என் மனைவி மகளோடு கொழும்புக்கு வந்து ஒரு லொட்ஜில் நின்றாள். விசா வந்தவுடன் ஏறிவிடலாம் என்றுதான் வந்தவள். மாதங்கள் போயின. லொட்ஜில் பொலிஸ் வந்து வந்து விசாரித்தார்கள். பிள்ளைக்குச் சளி விடவில்லை. தொலைபேசியில் கேட்டாள்.

"இஞ்சாருங்கோ, இன்னும் எவ்வளவு காலமெண்டு ஒருக்கா விசாரிச்சுச் சொல்லுங்கோ. கெதியா வருமெண்டா எப்பிடியும் நிண்டு சமாளிப்பன். இல்லையெண்டா ஊருக்குப் போறன். அம்மாவோடயாவது இருக்கலாம்."

"கேட்டுச் சொல்லுறன். நீர் யோசியாதையும்."

யாரிடம் கேட்பது? எனக்குத் தெரிந்த ஒரே அரசாங்க ஆள் நண்பர்தான். புதன்கிழமை வகுப்பு முடிந்து அவர் தன் காரில் என்னை வீட்டில் விட வந்தபோது கேட்டேன். அவர் கையால் கார்க் கண்ணாடியைத் துடைத்தார்.

"நேரம் எடுக்கும்" என்றார். "டோல்மோதி. உன் மனைவிக்கு எங்கே இருப்பது மனத்துக்கு ஆறுதலோ அங்கே இருக்கட்டும்."

டோல்மோதி என்றால் டேனிஷில் பொறுமையாக இரு என்று அர்த்தம். வகுப்பிலும் அதைத்தான் சொல்வார். நான் அதை அப்படியே மனைவிக்குச் சொன்னேன். அவள் யாழ்ப்பாணம் போனாள். சில வாரங்களில் அங்கே சண்டை வலுத்தது. பாதைகள் மூடின. நெடுநாள் செய்தி இல்லை. அந்த நாட்களில்தான் நான் வகுப்பை ஒரு தடவைகூடத் தவறவிடவில்லை. மேளத்தின் இடப்பக்கத்தை உள்ளங்கையால் மெல்ல அடித்துவிட்டு அடுத்த அடிவரை காத்திருக்கும் நேரம் மட்டும்தான் எனக்குத் தாங்கக்கூடிய நேரமாக இருந்தது. கடைசியில் அவளிடமிருந்து ஒரு செய்தி வந்தது. வீட்டுக்குப் பக்கத்தில் ஷெல் விழுந்ததாம். தனக்குச் சின்னக் காயம், பிள்ளைக்கு ஒன்றுமில்லை.

பிறகு ஒரு குளிர்காலத்தில் அண்ணை வேலையால் வந்து சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் கதிரையில் இருந்தார்.

"தம்பி, எங்கட பைலுகள் பிந்தேல்லையாம். நிப்பாட்டி வைச்சிருக்கினமாம். மேலயிருந்து சொல்லி, தமிழரின்ரயை மட்டும் எடுத்து அப்பிடியே வைச்சிருக்கினமாம். லோயர் சொன்னவர்."

"உது சட்டமில்லையே அண்ணை."

"அதைத்தான் லோயரும் சொல்லுறார்."

சில நாள் கழித்து நாங்கள் கொஞ்சப்பேர் கொப்பன்ஹேகனில் எங்கள் கோப்புகள் கிடந்த அலுவலகத்தின் முன்னால் போய் நின்றோம். கத்தவில்லை, குடும்பப் படங்களைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றோம். வேலை முடிந்து ஆட்கள் வெளியே வரத் தொடங்கினார்கள். சைக்கிளைத் தள்ளிக்கொண்டு கதவால் வந்தவர் என் நண்பர். கழுத்தில் வகுப்புக்குக் கட்டிவரும் அதே சாம்பல் நிற மஃப்ளர். என்னைக் கண்டார். என் கையில் இருந்த படத்தையும் கண்டார். எங்கள் வீட்டில் உட்கார்ந்து அவர் பார்த்த அதே படம். தலையைக் குனிந்துகொண்டு சைக்கிளைத் தள்ளிப் போனார்.

"உவர் உன்ர கண்ணை மூடப் பண்ணுற ஆளெல்லே?" என்று அண்ணை கேட்டார்.

"ஓம்" என்றேன்.

அடுத்த புதன்கிழமை நேரத்தோடு போனேன். நூனா தந்திகளைச் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தார். சற்றுநேரத்தில் நண்பர் வந்தார். மற்றவர்கள் இன்னும் வரவில்லை.

"உனக்குத் தெரிந்திருந்ததா?" என்று கேட்டேன்.

"தெரியும்."

"எப்போதிலிருந்து?"

"தொடக்கத்திலிருந்தே. தமிழர்களின் கோப்புகளை எடுத்துத் தனியாக வைக்கச் சொன்னார்கள். ஒரு அலமாரி முழுக்க."

"என்னுடையதும் இருந்ததா?"

"நான் பார்க்கவில்லை. பார்த்துவிட்டால் இங்கே வந்து உன் பக்கத்தில் இருக்க முடியாது என்று பயந்தேன்."

"என் மனைவி கொழும்பில் நிற்பதா போவதா என்று உன்னைத்தானே கேட்டேன். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே."

"வேலையில் நடப்பதை வெளியே சொல்ல எனக்கு அனுமதி இல்லை. உனக்கு என்னால் தரக்கூடியதாக இருந்தது ஒன்றுதான். காத்திருக்கும் நேரத்திலாவது நீ அமைதியாக இருக்கட்டும் என்று நினைத்தேன்."

அவர் பொய் சொல்லவில்லை. அதுதான் என்னை இன்னும் வதைத்தது. என்னைப் பாயில் உட்காரவைத்து, மூச்சை விடு, பிடித்து வைக்காதே என்று சொன்னபோதெல்லாம் அவருக்கு அந்த அலமாரி தெரிந்திருக்கிறது. நான் ஆறிப்போனால் அவருக்கும் ஆறுதல். அதற்காகத்தான் நான் அங்கே உட்கார்ந்திருக்கிறேன்.

"உன் மகளுடைய காகிதங்கள் பிந்தியபோது நீ என்ன செய்தாய்?" என்று கேட்டேன்.

அவர் அடுக்கியிருந்த சின்ன நாற்காலி ஒன்றை நேராக்கினார்.

"தினமும் தொலைபேசியில் சண்டை பிடித்தேன்" என்றார்.

அப்போது மற்றவர்கள் வந்து, புன்னகைத்து, பாய்களை விரிக்கத் தொடங்கினார்கள். நான் போய்விடலாம் என்று திரும்பினேன். நூனா கையசைத்து மேளத்தைக் காட்டினார். எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறார். உட்கார்ந்தேன். மெதுவான பகுதியைத் தொடங்கினார். அது முடிந்ததும் நண்பர் வழக்கம்போலக் கையை உயர்த்தினார். நூனா அவர் பக்கம் பார்க்கவே இல்லை. அடுத்த நடைக்குப் போனார், அதற்கடுத்ததற்கும் போனார். ஒவ்வொருவராகக் கண்ணைத் திறந்தார்கள். ஓர் அம்மா பாயை இன்னும் சற்றுப் பின்னுக்கு இழுத்துக்கொண்டார். என் குச்சி மேளத்தில் தெறித்தது. எனக்குக் கற்றுத்தந்த குரலை நானும் கொடுத்தேன், முதல்தடவையாக அந்த அறையில். மேளத்தின் தோல் என் உள்ளங்கையைச் சுட்டது. மனைவியின் முகம், லொட்ஜ், கார்க் கண்ணாடியைத் துடைத்த அந்தக் கை, எல்லாம் வந்தன. ஒன்றையும் நான் விடவில்லை, பிடித்துவைத்துக்கொண்டே அடித்தேன். மனம் ஒரு கணமும் அங்குமிங்கும் ஓடவில்லை. அதுவும் தியானம்தான் என்று இப்போது நினைக்கிறேன். நண்பர் கடைசிவரைக்கும் இருந்து கேட்டார். அதன்பிறகு அந்த வகுப்பு நடக்கவில்லை.

விஷயம் வெளியே வந்து, பாராளுமன்றத்தில் கேள்வி எழும்பி, கிடந்த கோப்புகள் அசையத் தொடங்கின. ஓர் இளவேனிலில் மனைவியும் மகளும் வந்து இறங்கினார்கள். ஆட்கள் வெளியே வரும் கதவின் ஒரு பக்கத்தில் நின்று அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டேன். அவள் திரும்பவில்லை. இன்னும் பலமாகக் கூப்பிட்டேன். மகள்தான் திரும்பிப் பார்த்து, யாரோ ஒரு ஆள் என்று தாயின் பின்னால் ஒளிந்தாள். ஓடிப்போய்த் தோளைத் தொட்டேன். அவள் திடுக்கிட்டு, பிறகு என்னைக் கண்டு அழுதாள்.

"அந்தப் பக்கம் கேக்காது" என்றாள். "ஷெல் விழுந்ததுக்குப் பிறகு வலது காது கேக்கிறேல்லை. உங்களுக்குச் சொல்லேல்லை. அங்க இருந்து கவலைப்பட்டு என்ன செய்யப்போறீங்களெண்டு விட்டிட்டன்."

அவர்கள் வந்த செய்தி எப்படியோ நண்பருக்குத் தெரிந்திருக்கிறது. ஒரு ஞாயிறு பின்னேரம் பூங்கொத்தோடு வாசலில் நின்றார். அவரைப் பற்றி மனைவிக்கு நான் இன்னும் ஒன்றும் சொல்லியிருக்கவில்லை. வந்தவரை நிற்கவைப்பது அழகில்லை என்று அவள் உள்ளே கூப்பிட்டு, தேத்தண்ணி ஊற்றி, பயத்தம் பணியாரத்தையும் எடுத்துவைத்தாள். அவர் அவளுடைய வலப்பக்கத்தில் போய் உட்கார்ந்தார். தாழ்ந்த குரலில், ஆங்கிலத்தில், ஒவ்வொரு சொல்லாகப் பேசினார். எனக்கு எல்லாம் தெரியும், சொல்லாமல் விட்டேன், அதற்காக வந்திருக்கிறேன் என்றார். அவள் தலையாட்டிச் சிரித்து, பணியாரத் தட்டை அவர் பக்கம் தள்ளினாள். ஒரு சொல்லும் அவளுக்குக் கேட்டிருக்காது. அவருக்கு அது தெரியாது. நான் சொல்லவுமில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து போனார்.

"நல்ல மனிசன் போல. என்ன சொன்னவர்?" என்று மனைவி கேட்டாள்.

"மன்னிப்புக் கேட்டவர்."

"என்னத்துக்கு?"

எல்லாவற்றையும் சொன்னேன். தொடக்கத்திலிருந்து, அவளுடைய இடது பக்கத்தில் நின்று. அவள் கோப்பைகளைக் கழுவிக்கொண்டே கேட்டாள். கையை நிறுத்தி ஒரு கேள்வி கேட்டாள்.

"அப்ப ஏன் என்னைக்கொண்டு தேத்தண்ணி குடுப்பிச்சனீங்கள்?"

நான் கழுவிய கோப்பை ஒன்றை எடுத்துத் துடைத்தேன். கொஞ்சநேரம் கழித்துத் திரும்பவும் கேட்டாள்.

"நீங்கள் அங்க போய் என்ன செய்தனீங்கள்? கண்ணை மூடிக்கொண்டு?"

தந்தியைப் பற்றி, ஒலி மெலிந்து போவதைப் பற்றி, இரைச்சல் அடங்கியதைப் பற்றித் தெரிந்தவரை சொன்னேன்.

"நான் பங்கருக்குள்ள பிள்ளையைக் கட்டிப்பிடிச்சுக்கொண்டு, அவர் அங்க ஓடித்திரியிறார், கேஸ் நடக்குது எண்டு நினைச்சுக்கொண்டிருந்தன்" என்றாள். "உங்களுக்கு நித்திரை வந்திருக்கு."

அதை அவள் கோபமாகச் சொல்லவில்லை. அந்த நாளுக்குப் பிறகு நான் மேளத்தைத் தொடவில்லை. நூனாவிடம் கொண்டுபோய்க் கொடுத்தபோது அவர் காரணம் கேட்கவில்லை. மிளகாய்த்தூளில் ஊறவைத்த கோவா இலையை, அவர்கள் ஊர் ஊறுகாயை, ஒரு போத்தலில் போட்டு மனைவிக்கென்று தந்துவிட்டார். மனைவி அதைச் சோற்றோடு சாப்பிட்டு, இந்த ஊருக்கு வந்து முதல்தரமாக வாய்க்கு உறைக்கிறது என்றாள். அவர்கள் இருவரும் பிறகு சிநேகிதமானார்கள். நான் அந்தச் சிநேகிதத்தின் ஓரத்தில் இருந்தேன்.

அண்ணையின் மனைவியும் இளைய மகனும் வந்தார்கள். மூத்தவனுக்கு அதற்குள் பதினெட்டு வயது தாண்டிவிட்டது என்று அனுமதி கிடைக்கவில்லை. அண்ணை அதைப் பற்றி யாரோடும் கதைப்பதில்லை.

சில ஆண்டுகள் கழித்து, எங்கள் கோப்புகளை நிறுத்திவைத்த விவகாரத்தால் அரசாங்கம் பதவி விலகியது. சலவைத் தொழிற்சாலையின் சாப்பாட்டு அறையில் வானொலி அதைச் சொல்லிக்கொண்டிருந்தபோது, கூட வேலை செய்த டேனிஷ்காரர் ஒருவர் என் தோளில் தட்டி, "உங்களுக்கு நீதி கிடைத்துவிட்டது" என்றார். நான் தலையாட்டிவிட்டுப் போய் விரிப்புகளை மடித்தேன்.

பின்னேரம் மகள் பள்ளிக்கூடத்தால் வந்ததும் டேனிஷில் கேட்டாள். தமிழர் வழக்கு என்றால் என்ன, அது நாங்களா என்று வகுப்பில் கேட்டார்களாம். நான் வாயைத் திறப்பதற்குள் மனைவி அவளைத் தன் இடப்பக்கத்தில் இருத்திக்கொண்டு தமிழில் சொல்லத் தொடங்கினாள். லொட்ஜையும், மூடிய பாதையையும், பங்கரையும், ஷெல்லையும் சொன்னாள். மகள் இடையிடையே டேனிஷில் கேள்வி கேட்டாள். தாய் தமிழில் பதில் சொன்னாள். அந்தக் கதையில் டென்மார்க்கில் இருந்த எவரைப் பற்றியும் பேச்சு வரவில்லை, என்னைப் பற்றியும் வரவில்லை. நான் கதவு நிலையில் சாய்ந்து நின்று முழுதையும் கேட்டேன்.